நான்காவது மிஸ்டு கால்

அருளுக்கு,

நீ நலமா என்று கேட்டு ஆரம்பிக்க எனக்கு வாய் வரவில்லை. ஒரே வீட்டில்தான் இருக்கிறோம். நீ நலமாக இல்லை என்பது எனக்குத் தெரியும். காலையில் சட்டைக்குப் பொத்தான் போட்டுக்கொண்டே நீ வாசலைப் பார்ப்பதும், பார்த்ததை நான் கவனித்துவிட்டேனோ என்று திரும்பி என்னைப் பார்ப்பதும் தெரியும். அது யாரால் என்பதும் தெரியும். எதிரில் உட்கார்ந்து சொல்லத்தான் நினைத்தேன். ஒவ்வொரு தடவையும் "இன்னாம்மா?" என்று நீ நிமிர்ந்து பார்ப்பாய்; நான் "ரசம் ஊத்தட்டுமா?" என்று கேட்டுவிட்டு உள்ளே போய்விடுவேன். எழுபத்தைந்து வயதில், பெற்ற பிள்ளையின் முகத்தைப் பார்க்கக் கூசுகிறது. அதனால் எழுதுகிறேன்.

வருகிற ஞாயிற்றுக்கிழமை சிதம்பரத்தில் சுகந்தியின் அப்பா வீட்டில் உட்கார்ந்து பேசி முடித்துவிடலாம் என்று உன் மாமா ஏற்பாடு செய்திருக்கிறார். முடிப்பது என்றால் உங்கள் கல்யாணத்தையே அறுத்துவிடுவது. அங்கே என்ன சொல்லப் போகிறாய் என்று போன வாரம் சாப்பிடும்போது என்னிடம் ஒத்திகை பார்த்தாய். "தப்பு பண்றவளோட கூட வாழ்ந்துடலாம்மா. பொய்யும் சொல்லிட்டு, பழியத் தூக்கி ஒன் மேல போட்டா பாரு, அவளோட முடியாது." நான் தலையை ஆட்டினேன். அருளு, சுகந்தி பொய் சொல்லவில்லை. அன்றைக்குப் பொய் சொன்னது நான். அவள் என் மேல் போட்டது பழியும் இல்லை, நடந்ததை நடந்தபடி சொன்னாள். இதை முதலிலேயே எழுதிவிடுகிறேன். மீதியை நீ படிக்காமல் போனாலும் இது உன் கண்ணில் பட்டிருக்க வேண்டும்.

ஏன் செய்தேன், எப்படிச் செய்தேன் என்று சொல்ல, என் பழைய பிழைப்பிலிருந்து ஆரம்பிக்க வேண்டியிருக்கிறது. கல்யாணத்துக்கு முன் நான் டெல்லியில் அரசாங்க அலுவலகம் ஒன்றில் பிரெஞ்சு மொழிபெயர்ப்பாளராக இருந்தேன் என்றுதான் உனக்குத் தெரியும். உன் அப்பாவுக்கும் அவ்வளவுதான் தெரியும். அந்த மனுஷன் அதை வைத்துக்கொண்டே நிம்மதியாகப் போய்ச் சேர்ந்தார். வாயைத் திறக்க மாட்டேன் என்று கையெழுத்துப் போட்டுக் கொடுத்த வேலை அது. கடலூர் முதுநகரிலிருந்து பாண்டிச்சேரிக்குப் போய், கன்னியாஸ்திரிகளிடம் பிரெஞ்சு படித்த பெண் நான். வங்காளதேசம் பிறந்த அந்தப் போர் நேரம். டெல்லியில் இருந்த தூதரகங்கள் தங்கள் நாட்டுக்கு அனுப்புகிற, அங்கிருந்து அவர்களுக்கு வருகிற ரகசியத் தந்திகளை நம் ஆட்கள் வழியிலேயே பிடிப்பார்கள். பார்த்தால் வெறும் எழுத்துக் குவியலாக இருக்கும், டைப்ரைட்டரில் குழந்தை விளையாடிய மாதிரி. அதைப் பிரித்து வார்த்தையாக்குவது எங்கள் பிரிவின் வேலை. பிரெஞ்சில் எழுதுகிற ஒரு சின்ன நாட்டை என்னிடம் கொடுத்திருந்தார்கள். எந்த நாடு என்று இப்போதும் சொல்ல மாட்டேன். போட்ட கையெழுத்தில் அதையாவது காப்பாற்றுகிறேன்.

எப்படி உடைத்தோம் என்று கேட்டால் சிரிப்பாய். மரியாதையை வைத்து உடைத்தோம். அந்த நாட்டுத் தூதர் பழைய காலத்துப் பெரிய மனிதர். எதை எழுதினாலும், "மேன்மை தங்கிய தங்களுக்குத் தெரிவித்துக்கொள்ளும் பெருமையை அடைகிறேன்" என்றுதான் தொடங்குவார். எல்லையில் குண்டு விழுந்தாலும் அதே பெருமை, தூதரகத்துச் சமையல்காரன் ஓடிப்போனாலும் அதே பெருமை. எந்தச் சங்கேதத்தைப் போட்டு மூடினாலும் முதல் வரி என்ன என்று எனக்கு முன்பே தெரியும். தெரிந்த அந்த வரியை வைத்துத் தெரியாததை எல்லாம் நெம்பி எடுத்துவிடலாம். மனிதர்கள் பழக்கத்தை விட மாட்டார்கள், பழக்கமே அவர்களைக் காட்டிக் கொடுக்கும் என்று அங்கேதான் கற்றுக்கொண்டேன். இன்னொரு விதியும் உண்டு. படித்ததைப் படித்த மாதிரி காட்டிக்கொள்ளக் கூடாது. காட்டினால் அவர்கள் உடனே பூட்டை மாற்றிவிடுவார்கள். அதனால் எல்லாம் தெரிந்தும் ஒன்றும் தெரியாத முகத்தோடு நடமாடப் பழகினோம். அந்த முகம் எனக்கு நன்றாகப் பொருந்திப் போயிற்று.

அந்தத் தூதரகத்தில் ஓர் இளம் அதிகாரி இருந்தான். ஊருக்குப் போன அவன் மனைவி திரும்பவில்லை. போர் நேரத்தில் கடிதம் போய்ச் சேர நாளாகும் என்று தூதரைக் கெஞ்சி, அரசாங்கத் தந்திகளின் வாலில் தன் வரியையும் ஒட்டி அனுப்புவான். அவள் புறப்பட்டாளா என்று கேட்பான். இன்னும் இல்லை என்று பதில் வரும். போரைப் பற்றிய செய்தியை நாங்கள் மேலிடத்துக்கு அனுப்பிவிடுவோம். இவன் வால் மட்டும் எங்களிடம் தங்கிவிடும், டீ நேரத்துக்கு. "உன் ஆள் இன்றைக்கு என்ன சொல்கிறான்?" என்று மற்றவர்கள் கேட்பார்கள். நான் அவனைப் போலக் குரலைக் குழைத்துப் படித்துக் காட்டுவேன். எல்லாரும் சிரிப்பார்கள். ஒரு நாள் நானே சொன்னேன், "பாவம், புறப்பட்டுவிட்டேன், விமான நிலையத்துக்கு வாருங்கள் என்று நாமே ஒன்று அனுப்பி வைத்தால் என்ன?" எங்கள் பிரிவின் தலைவர் ஒரு வங்காளி. கடிக்கப்போன பிஸ்கட்டைத் தட்டில் வைத்துவிட்டார். "படிப்பது நம் வேலை. அவர்கள் குரலில் பேசுவது நம் வேலை இல்லை. ஒரு தரம் பேசிவிட்டால், அப்புறம் எந்த வார்த்தை யாருடையது என்று யாராலும் நம்ப முடியாது" என்றார். நான் சும்மா விளையாட்டுக்குச் சொன்னேன் என்று மழுப்பினேன்.

அவனை ஒரு ஞாயிற்றுக்கிழமை, சர்ச்சில், பூசையில் நேரிலேயே பார்த்தேன். எனக்கு முன் வரிசையில் இருந்தான். கோப்பில் இருந்த படத்தில் பார்த்த முகம்தான். ஒருவருக்கொருவர் சமாதானம் சொல்லிக்கொள்ளும் இடம் வந்ததும் திரும்பி, நம் ஊர் வழக்கப்படி கை கூப்பி எனக்குச் சமாதானம் சொன்னான். நானும் கூப்பினேன். அவன் மனைவி இனி வரப்போவதே இல்லை என்று எழுதிய தந்தி முந்தின நாளே என் மேஜையைத் தாண்டிப் போயிருந்தது. அவன் முகத்தைப் பார்த்தால் அது இன்னும் அவன் கைக்கு வரவில்லை என்று தெரிந்தது. எனக்கு இரக்கம் வந்திருக்க வேண்டும். வரவில்லை. இவனுக்குத் தெரியாதது எனக்குத் தெரியும் என்று உள்ளுக்குள் ஒரு தித்திப்பு ஊறியது. போர் முடிந்தது. சில வருஷங்களில் வேலையை விட்டேன், உன் அப்பாவைக் கட்டிக்கொண்டு கடலூருக்கே திரும்பினேன், பிந்தி நீ பிறந்தாய். அந்த ருசி நாக்கைவிட்டுப் போய்விட்டது என்றுதான் நினைத்திருந்தேன்.

நீ சுகந்தியைக் கட்டிக்கொள்கிறேன் என்றபோது நான் மறுப்புச் சொல்லவில்லை. சிதம்பரத்தில் நிலம் வைத்துப் பயிர் செய்கிற இந்துக் குடும்பம், ரத்தப் பரிசோதனை லேபில் வேலை பார்த்த பெண். மறுப்புச் சொல்லாததையே பெரிய தியாகமாக நினைத்துக்கொண்டு, அதற்கான வாடகையைத் தினமும் அவளிடம் வசூலித்தேன். அவள் வேலையை விட்டுவிட்டு இங்கே வந்தாள். அத்தை அத்தை என்று என்னைச் சுற்றி வந்தாள். தன் ஊர் கத்தரிக்காய் கொத்சு செய்து ஆசையாகக் கொண்டுவந்து வைத்தாள். "புளி ஜாஸ்தி" என்றேன். புளி சரியாகத்தான் இருந்தது. நம் வீடு சின்னது, என் காது பெரியது. நீங்கள் இரண்டு பேரும் அறைக்குள் பேசினால் நான் வெளியில் இருமுவேன். சினிமாவுக்குக் கிளம்பினால் எனக்கு மூச்சு முட்டும். புருஷனும் பெண்டாட்டியும் வாய்விட்டுப் பேச முடியாத வீடாக அதை ஆக்கினவள் நான். நீங்கள் வேறு வழி கண்டுபிடித்ததும், என்னை ஒதுக்கிவிட்டார்கள் என்று அழுததும் நான்தான்.

செம்மங்குப்பத்தில் உன் கெமிக்கல் கம்பெனிக்குள் போன் கொண்டுபோகக் கூடாது. கேட்டிலேயே பெட்டியில் பூட்டி வைத்துவிட்டு ஷிப்ட் முடிந்துதான் எடுப்பாய். அவளுடைய போனோ பாதி நேரம் என் மடியில் இருக்கும். சாயங்காலம் ஜெபமாலை கேட்க எனக்கு அது வேண்டும். "அத்தைக்கு நம்பர் போட்டுத் தொறக்கறது கஷ்டம்" என்று அவளே அதன் பூட்டை எடுத்துவிட்டிருந்தாள். அப்படிப்பட்ட போனில் அவள் உனக்கு எதை எழுதி அனுப்ப முடியும்? ஏழைக்கேத்த எள்ளுருண்டை என்று மிஸ்டு கால் பிடித்தீர்கள். அவள் கூப்பிட்டு உடனே துண்டிப்பாள். எத்தனை தடவை என்பதுதான் செய்தி. நீ சாயங்காலம் பெட்டியைத் திறந்து எண்ணிப் பார்த்துக்கொள்வாய். வீட்டுக் கிழவிக்கு ஒன்றும் தெரியாது என்று நம்பினீர்கள்.

அதை உடைக்க ஒரு வாரம்கூட ஆகவில்லை எனக்கு. அவள் கூப்பிட்டது எல்லாம் போனிலேயே பதிந்திருந்தது. நீ வந்து என்ன செய்கிறாய் என்பது என் கண் முன்னால் நடந்தது. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் போதும். ஒன்று என்றால் விசேஷம் எதுவுமில்லை, வீட்டுக்கு வா. மூன்று என்றால், முதலில் ஜங்ஷன் ஸ்டேஷனுக்கு வா, தனியாகப் பேச வேண்டும். அந்த நாட்களில் அவள் கடைக்குப் போவதாகச் சொல்லிவிட்டுக் கிளம்புவாள். நீங்கள் கொஞ்சம் முன்னே பின்னே ஆளுக்கொரு பக்கமிருந்து வீடு திரும்புவீர்கள். ஒருமுறை மூன்று கொடுத்த பிறகு பெருமழை பிடித்துக்கொண்டது. அவள் இன்னொன்று கொடுத்துவிட்டு வீட்டிலேயே இருந்தாள், நீயும் நேரே வந்துவிட்டாய். ஆக, நான்கு என்றால் சொன்னதை விட்டுவிடு என்று அர்த்தம். இரண்டுதான் என்னைக் கொஞ்சம் படுத்தியது.

இரண்டு வந்த நாட்களில் நீ பையில் முந்திரிப் பக்கோடாவோடு வருவாய். எனக்கு உயிர் என்று சின்ன வயதிலிருந்தே உனக்குத் தெரியும். பிள்ளை நினைவு வைத்து வாங்கி வருகிறான் என்று பக்கத்து வீட்டுக்கும் கொடுத்துப் பீற்றிக்கொண்டிருந்தேன். சந்தேகம் தட்டியதும் சோதித்துப் பார்த்தேன். ஒரு மத்தியானம் வேண்டுமென்றே குழம்புச் சட்டியை ணங்கென்று இறக்கி வைத்தேன். சுகந்தி என்ன அத்தை, என்ன அத்தை என்று கேட்கக் கேட்க முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டேன். அவள் போனை எடுத்துக்கொண்டு பின்பக்கம் போனாள். சாயங்காலம் பக்கோடா வந்தது. இரண்டு என்றால், அம்மா கோபமாக இருக்கிறாள். நான் பாசம் என்று மென்றுகொண்டிருந்தது எல்லாம் தீயணைக்க வந்த வண்டி. அந்த இடத்தில் நான் சிரித்திருக்கலாம். ஒரு கிழவியைச் சமாதானப்படுத்த இரண்டு பேர் இவ்வளவு மெனக்கெடுகிறார்களே என்று மனம் இளகியிருக்கலாம். எனக்கு அவமானமாக இருந்தது. கூடவே, டெல்லியை விட்ட பிறகு முதல்முறையாக அந்தத் தித்திப்பும் ஊறியது. பழைய முகத்தை எடுத்து மாட்டிக்கொண்டேன். "எனக்கு இந்தப் போன்ல இன்னாம்மா தெரியும், நீயே போட்டுக் குடு" என்று ஜெபமாலைக்குக் கையை நீட்டினேன்.

அன்றைய தினத்துக்கு வருகிறேன். மத்தியானம் சுகந்தி தன் அம்மாவோடு போனில் பேசியது சமையலறை ஜன்னல் வழியே என் காதில் விழுந்தது. விழுந்தது என்ன, நான் ஜன்னலோரம் போய் நின்றேன். "பழைய லேப்லயே வரச் சொல்லிட்டாங்கம்மா. கீழவீதி பக்கம் வீடும் பாத்தாச்சுன்னு அப்பா சொன்னாரு. காலைல ட்ரெயின் புடிச்சா அவரு டூட்டிக்கு வந்துடலாம். இன்னைக்கு ஸ்டேஷன்ல வெச்சுக் கேட்டுடறேன். அவரு இன்னா சொல்றாரோ." அப்புறம் உனக்கு மூன்று மிஸ்டு கால் கொடுத்தாள். கடைக்குப் போகிற மாதிரி பையை எடுத்துக்கொண்டாள். போனை எடுத்தவள், என்னைப் பார்த்துவிட்டுத் திரும்பி வந்து என் கையில் கொடுத்தாள். "ஜெபமாலை நேரம் ஆச்சே அத்தை, நீங்க வெச்சிருங்க. நான் வந்துடறேன்." ஜெபமாலையைப் போட்டும் கொடுத்துவிட்டுப் போனாள். என்னைத் தனியாக விட்டுவிட்டு உன்னோடு சிதம்பரம் போகத்தான் அவள் வழி தேடினாள், நான் மறைக்கவில்லை. ஆனால் போகிறவள் என் பிரார்த்தனைக்கு வழி செய்துவிட்டுத்தான் போனாள்.

அருள் நிறைந்த மரியே என்று போனில் ஓடிக்கொண்டிருந்தது. அதை நிறுத்தினேன். உன் பேரைத் தொட்டேன். மணி ஒரு தரம் அடித்ததும் துண்டித்தேன். மூன்று நான்காயிற்று. அப்புறம் அந்த ஒன்றை மட்டும் அவள் போனில் இருந்து அழித்தேன். அழிக்க எனக்குத் தெரியும், அருளு. ஜெபமாலை போடவும் தெரியும். எல்லாம் தெரியும். விட்ட இடத்திலிருந்து மறுபடி ஓடவிட்டுக் கூடவே நானும் சொன்னேன். போர் நடந்த நாட்களில்கூட நாங்கள் தாண்டாத கோடு அது. எதிரி என்று நினைத்தவனுக்குச் செய்யாததை மருமகளுக்குச் செய்தேன்.

நீ நேரே வீட்டுக்கு வந்தாய். தட்டு போட்டு நீ உட்கார்ந்த பிறகுதான் அவள் வந்தாள், முகமெல்லாம் வியர்த்து. அவ்வளவு நேரம் ஸ்டேஷனில் நின்றிருக்கிறாள். "ஏன் வரல?" என்று மெதுவாகத்தான் கேட்டாள். "நீதான வேணாம்னு சொன்ன?" "நான் எப்ப சொன்னேன்?" நீ உன் போனைக் காட்டினாய், நான்கு. அவள் என்னிடமிருந்து தன் போனை வாங்கிப் பார்த்தாள், மூன்று. "அழிச்சிருப்ப" என்றாய். அவள் உன் போனில் நான்காவது வந்த நேரத்தைப் பார்த்தாள். புத்திசாலிப் பெண், கண்டுபிடித்துவிட்டாள். "அந்த நேரத்துல போன் அத்தைகிட்ட இருந்துச்சு" என்றாள். நீ எழுந்துவிட்டாய். "அவுங்களுக்கு ஜெபமாலையே நீதான் போட்டுக் குடுக்கற. அவுங்க மிஸ்டு கால் குடுத்தாங்களா? சொல்ல வாய் கூசல ஒனக்கு?" அவள் என் பக்கம் திரும்பி, "அத்தை, நீங்களே சொல்லுங்க" என்றாள். கேட்டபோது குரலில் கோபம்கூட இல்லை. நான் சொல்லிவிடுவேன் என்று நம்பித்தான் கேட்டாள். நான், "எனக்கு இன்னாம்மா தெரியும்? நீ போட்டுக் குடுத்ததத்தான் கேட்டுக்கினு இருந்தேன்" என்றேன். அவள் என்னைப் பார்த்தாள். "சரி அத்தை" என்றாள். மறுநாள் காலை பெட்டியோடு சிதம்பரம் வண்டி ஏறிவிட்டாள். இத்தனை மாதமாக, குக்கர் சத்தத்துக்கு நடுவிலும் அந்த ‘சரி அத்தை’தான் எனக்குக் கேட்கிறது.

பாவசங்கீர்த்தனத்துக்குப் போனேன். கூண்டில் மண்டியிட்டு, "மருமகளிடம் உண்மையாக நடந்துகொள்ளவில்லை, சாமி" என்று சொன்னேன். சாமியாரும் வீட்டுக்கு வீடு வாசற்படி என்று நினைத்திருப்பார், சுலபமான அபராதமாகக் கொடுத்து அனுப்பினார். ஆண்டவரிடமே மூடி மறைத்துச் சொன்னவள் உன் அம்மா. பூசையில் சமாதானம் சொல்லும் இடம் வந்தால் இப்போதெல்லாம் குனிந்து செருப்பைத் தேடுகிற மாதிரி பாவனை செய்கிறேன். எங்கேயாவது யாராவது திரும்பி எனக்குக் கை கூப்பிவிடுவார்களோ என்று பயமாக இருக்கிறது.

அப்படியே மூடிக்கொண்டு செத்துப் போயிருப்பேன். நான் அவ்வளவு நல்லவள் இல்லை. போன வாரம் நீ அந்த ஒத்திகை பார்த்தாயே, சாப்பிட்டு எழுந்ததும் பையைத் திறந்து ஒரு பொட்டலத்தை எடுத்து என் பக்கம் வைத்தாய். "வர வழியில சூடா போட்டுக்கினு இருந்தான்" என்றாய். முந்திரிப் பக்கோடா. இரண்டு மிஸ்டு கால் கொடுக்க இந்த வீட்டில் இப்போது யார் இருக்கிறார்கள்? நான் கோபமாக இருப்பதாக யாரும் உனக்குச் சொல்லவில்லை. கண்ணுக்குக் கீழே கறுத்து, மனசு செத்துப்போய் வந்த அன்றைக்கும் வாங்கி வந்திருக்கிறாய். பழைய நாட்களை எல்லாம் திரும்ப நினைத்துப் பார்த்தேன். இரண்டு வந்த நாட்களில் பக்கோடா வந்தது உண்மை. ஆனால் ஒன்று வந்த நாட்களிலும் வந்திருக்கிறது. அவள் கூப்பிடாத நாட்களிலும் வந்திருக்கிறது. எனக்கு வேண்டிய நாட்களை மட்டும் பொறுக்கிக்கொண்டு, மற்றதை நான் தள்ளிவிட்டிருக்கிறேன். டெல்லியில் இப்படிப் பொறுக்கியிருந்தால் முதல் வாரமே வீட்டுக்கு அனுப்பியிருப்பார்கள். அந்தப் பக்கோடாவை நான் தின்னவில்லை, அருளு. நீ தூங்கப் போன பிறகு காக்கைக்கு வைத்துவிடலாம் என்று எடுத்தேன். அதற்கும் மனம் வராமல் டப்பாவில் போட்டு வைத்திருக்கிறேன்.

உனக்குப் புத்தி சொல்ல எனக்கு யோக்கியதை கிடையாது. ஆனாலும் திருடினவளுக்குத்தான் எந்தக் கதவு இடிந்திருக்கிறது என்று தெரியும். அதனால் கேட்டுக்கொள். போனை நம்பி மனுஷியைச் சந்தேகிக்காதே. போன் யார் கையில் இருந்தாலும் அவர்கள் சொல்வதைச் சொல்லும். அவள் ஒன்று சொல்லி, போன் வேறொன்று சொன்னால் அவளை நம்பு. அம்மா ஒன்று சொல்லி அவள் வேறொன்று சொன்னால், யார் பேச்சையும் உடனே எடுத்துக்கொள்ளாதே. அவளைக் கூட்டிக்கொண்டு வெளியே போ, முழுக்கக் கேள். நீ அன்றைக்கு எனக்காக எழுந்து நின்றது பாசத்தால்தான், எனக்குத் தெரியும். ஆனால் பெற்றவளும் பொய் சொல்லுவாள் என்று ஒரு நிமிஷம்கூட நீ நினைத்துப் பார்க்கவில்லை. அது உன் குற்றம் இல்லை, உன்னை அப்படி வளர்த்தது நான். கீழவீதியில் அந்த வீடு இன்னும் காலியாக இருந்தால் அதை எடு. நான் தனியாக இருந்துகொள்வேன். எனக்கு மூச்சு முட்டாது, அதெல்லாம் சும்மா. நீங்கள் மணி அடித்துத் துண்டிக்காமல், கதவை மூடிக்கொண்டு ஆசை தீரப் பேசுகிற வீடு உங்களுக்கு வேண்டும். என்றைக்காவது உங்களுக்குப் பிள்ளை பிறந்து, அது போனைக் கவிழ்த்து வைத்துக்கொண்டு சிரித்தால், எதைப் பார்த்துச் சிரிக்கிறாய் என்று கேள். சொன்னால் சொல்லட்டும், சொல்லாவிட்டால் விட்டுவிடு. எட்டிப் பார்க்காதே. உனக்கும் என் ரத்தம்தான் ஓடுகிறது.

இதை உன் தட்டுக்குப் பக்கத்தில் வைத்துவிட்டுப் போவதாகத்தான் இருந்தேன். எழுத எழுத, இது முதலில் உனக்குச் சேர வேண்டியது இல்லை என்று தோன்றியது. பொய்க்காரி என்ற பெயரைச் சுமந்துகொண்டிருப்பவள் அவள். நாளைக் காலை பாசஞ்சரில் சிதம்பரம் போகிறேன். உறையை ஒட்டவில்லை. சுகந்தி கையில் கொடுத்து, படிக்கச் சொல்லி, மன்னிப்புக் கேட்பேன். உன்னிடம் கொடுப்பதும் கிழித்து அடுப்பில் போடுவதும் அவள் இஷ்டம் என்று சொல்லிவிட்டு, பதிலுக்குக் காத்திராமல் எழுந்து வந்துவிடுவேன். அவள் முகத்தைப் பார்த்து என்ன நினைக்கிறாள் என்று கண்டுபிடிக்கவும் முயல மாட்டேன். அவள் கிழித்துவிட்டாலும், ஞாயிற்றுக்கிழமை எல்லார் முன்னாலும் எழுந்து நின்று நடந்ததை என் வாயால் சொல்லத்தான் போகிறேன். அது அவள் பெயருக்காக. உன்னோடு வாழ்வதா வேண்டாமா என்பதை அவள் முடிவு செய்யட்டும், அதில் நான் தலையிட மாட்டேன்.

ஆகவே இந்தக் காகிதம் உன் கைக்கு வந்திருந்தால், அதைக் கொண்டுவந்து கொடுத்தவள் அவள். அதற்கு என்ன அர்த்தம் என்று என்னைக் கேட்காதே, அர்த்தம் கண்டுபிடிக்கிற வேலையை நான் விட்டுவிட்டேன். அவளையே கேள். நான் சிதம்பரத்திலிருந்து வீட்டுக்குத் திரும்பவில்லை. நேரே திருவதிகைக்கு, உன் மாமா வீட்டுக்குப் போகிறேன். சாவி பால்காரரிடம் இல்லை, பக்கத்து வீட்டில் இல்லை, சுகந்தியிடம் கொடுத்திருப்பேன். வீட்டில் யாரும் இல்லை, அருளு. சத்தமாகவே பேசுங்கள்.

அம்மா